திரையிலே பேசிய முதற் குரல்

வட சென்னையில், தொழிற்சாலைப் புகைபோக்கிகள் கண்ணுக்கெட்டிய தூரத்தில் நிற்கும் மணலி புதுநகரிலே வாழ்பவன் நான். சுத்திகரிப்பு ஆலையும் உரத் தொழிற்சாலையும் இப்பகுதியில் எழுந்த பின்னர் உருவான குடியிருப்பு இது. இங்கே பழைய கோட்டை இல்லை. புலவர் பாடிய மண்டபம் இல்லை. ஆலைக்குப் போவோரும் வருவோரும், மிதிவண்டியில் பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகளுமே எங்கள் ஊரின் காட்சிகள். இத்தகைய ஊரிலிருந்து வந்து, ஒரு நடிகையின் வாழ்க்கையைப் பற்றி நான் ஏன் பேசவேண்டும் என்று உங்களுக்குத் தோன்றலாம். அதற்குக் காரணம் ஒரு கேள்வி. அந்தக் கேள்விக்கு நான் விடை சொல்லத் தவறினேன்.

பல ஆண்டுகளுக்கு முன்பு ஒரு பள்ளியிலே தமிழ் கற்பித்துக்கொண்டிருந்தேன். ஆண்டு விழாவுக்காகக் கண்ணகி வழக்குரைத்த காட்சியை நாடகமாக எழுதி, மாணவர்களை நடிக்கச் செய்தேன். கண்ணகியாக நின்ற மாணவி, ஒத்திகையின்போதே எங்களை எல்லாம் வாயடைக்கச் செய்தாள். சிலம்பை உடைக்கும் இடத்தில் அவள் கூவவில்லை; குரலைத் தாழ்த்தினாள். அப்படிச் செய் என்று நான் சொல்லிக் கொடுக்கவில்லை. விழாவுக்கு மூன்று நாள் இருக்கையில் அவள் என்னிடம் வந்து, "ஐயா, மேடையேறி நடிக்கிற பெண் உருப்படமாட்டாள் என்று வீட்டிலே சொல்கிறார்கள். நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?" என்று கேட்டாள்.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "அதெல்லாம் இருக்கட்டும் அம்மா, நீ படிப்பைக் கவனி" என்றேன். அது விடையன்று, விடையிலிருந்து தப்பி ஓடுதல். அவள் ஒன்றும் பேசாமல் போய்விட்டாள். விழாவன்று வேறொருத்தி கண்ணகியாக நின்றாள். சிலம்பு உடைந்தது, கைதட்டலும் கிடைத்தது. ஆனால் என் காதிலே மட்டும் அந்தத் தாழ்ந்த குரல் கேட்டுக்கொண்டேயிருந்தது. அன்று அவளுக்குச் சொல்லியிருக்கவேண்டிய வரலாற்றையே இன்று உங்களுக்குச் சொல்லப் போகிறேன்.

எங்கள் ஊரிலிருந்து பேருந்திலே ஏறி, திருவொற்றியூர், தண்டையார்ப்பேட்டை, இராயபுரம் ஆகிய இடங்களைக் கடந்தால் தங்கசாலைப் பகுதியை அடையலாம். ஒரு காலத்தில் சென்னை நகரின் நாடகக் கொட்டகைகளும் படக் கொட்டகைகளும் நெருங்கி விளங்கிய பகுதி அது. அங்கே கினிமா சென்ட்ரல் என்ற ஒரு கொட்டகை இருந்தது. பின்னாளில் அதற்கு முருகன் திரையரங்கு என்று பெயராயிற்று. 1931-ஆம் ஆண்டு அக்டோபர் 31-ஆம் நாள் அந்தக் கொட்டகையிலேதான் 'காளிதாஸ்' என்னும் படம் திரையிடப்பட்டது. அதுவரை ஊமையாக இருந்த திரை, தமிழிலே வாய் திறந்த நாள் அது. பம்பாயிலிருந்து படச்சுருள் இரயிலில் வந்து இறங்கியபோது, மக்கள் அதை ஊர்வலமாக எடுத்துச் சென்று, பூத்தூவித் தேங்காய் உடைத்துச் சூடம் காட்டினார்கள் என்று திரைப்பட வரலாறு எழுதியோர் குறித்திருக்கின்றனர். ஒரு பெட்டிக்குள் கிடந்த சுருளுக்கு அத்தனை வரவேற்பு! அந்தச் சுருளுக்குள் அடங்கியிருந்த குரல், இருபது வயது நிரம்பாத பெண் ஒருத்தியின் குரல். அவர்தாம் டி. பி. இராஜலட்சுமி.

1911-ஆம் ஆண்டில் திருவையாற்றிலே பிறந்தவர் அவர். காவிரியும் கருநாடக இசையும் வளம் சேர்த்த ஊர் அது. குழந்தைப் பருவத்திலேயே பாட்டைக் கேட்ட மாத்திரத்தில் பாடும் ஆற்றல் அவருக்கு வாய்த்திருந்தது. ஆயினும் அக்காலத்துப் பெண் குழந்தைக்குப் பாட்டுக்கு முன்னே தாலி வந்துவிடும். அவருக்கும் சிறு வயதிலேயே திருமணம் நடந்தது. அந்த மண வாழ்க்கை நிலைக்கவில்லை. பிறந்த வீட்டுக்கே திரும்பினார். பெண்ணுக்குப் பதினான்கு வயது நிரம்பாமல் மணம் முடிக்கலாகாது என்று சொன்ன சாரதா சட்டம் 1929-இல்தான் நிறைவேறியது என்பதை இங்கே நினைவிற் கொள்ளுங்கள். சட்டம் வருமுன்பே அந்தக் கொடுமையைத் தம் வாழ்விலே பட்டறிந்தவர் இராஜலட்சுமி.

தந்தையும் மறைந்தார். தாயும் மகளும் பிழைப்பைத் தேடித் திருச்சிராப்பள்ளிக்குச் சென்றனர். அங்கே சாமண்ணா ஐயரின் நாடகக் குழுவிலே சிறுமி சேர்ந்தாள். வைதிகக் குடும்பத்துப் பெண், அதுவும் கணவன் வீட்டை விட்டு வந்தவள், நாடக மேடை ஏறுவதென்றால் ஊரும் உறவும் என்ன பேசியிருக்கும் என்பதை நான் விரித்துரைக்க வேண்டியதில்லை. என் மாணவியின் வீட்டிலே ஒருமுறை சொன்ன சொல்லை, இராஜலட்சுமி நூறு வாயிலிருந்து கேட்டிருப்பார்.

அக்கால நாடக மேடை எளிய பள்ளிக்கூடமன்று. ஒலிபெருக்கி இல்லாத காலம் அது. இரவு தொடங்கும் நாடகம் விடியும் வரையிலும் நடக்கும். கடைசி வரிசையிலே தரையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாகக் கேட்கவேண்டும், சுருதியும் விலகலாகாது. எதிரே நிற்கும் நடிகர் எழுதாத வசனம் ஒன்றைப் பேசிவிட்டால், அந்த நொடியிலேயே தக்க மறுமொழி சொல்லியாகவேண்டும். இந்தப் பயிற்சியிலே தேறிய இராஜலட்சுமி, ஊமைப் படங்களிலும் நடித்தார். ஊமைப் படத்திலே அவருடைய முகம் மட்டுமே தெரிந்தது. குரலுக்கு வேலை வந்தது 1931-இல்.

அவ்வாண்டு மார்ச்சு 14-ஆம் நாள், இந்தியாவின் முதற் பேசும் படமான 'ஆலம் ஆரா' பம்பாயிலே வெளிவந்தது. அதை உருவாக்கிய அர்தேஷிர் இரானியே தமிழிலும் ஒரு படம் எடுக்க முனைந்தார். எச். எம். ரெட்டி இயக்கினார். கல்வியறிவில்லாத ஒருவனைச் சூழ்ச்சியால் மணந்த அரசகுமாரியின் கதை. அவன் காளியின் அருளால் மகாகவியாகிறான். அரசகுமாரியாக நடித்தவர் இராஜலட்சுமி. அந்தப் படத்தில் எல்லாரும் தமிழே பேசவில்லை. தெலுங்கும் கலந்து ஒலித்தது. ஒரு மொழியிலே கேட்ட கேள்விக்கு மற்றொரு மொழியிலே விடை வந்தது. இன்று நமக்குச் சிரிப்பாக இருக்கும். அன்று மக்களுக்கு அது குறையாகப் படவில்லை. திரை பேசுகிறது என்பதே போதுமான அதிசயமாக இருந்தது. காந்தியடிகளின் இராட்டையைப் புகழும் பாட்டு ஒன்றும் அந்தப் படத்திலே இடம்பெற்றது. காளிதாசன் காலத்துக்கும் இராட்டை இயக்கத்துக்கும் என்ன தொடர்பு என்று ஒருவரும் கேட்கவில்லை. அயலார் ஆட்சி நடந்த நாளில், மக்கள் கேட்க விரும்பிய பாட்டு அது.

இன்னொரு செய்தியையும் நீங்கள் அறியவேண்டும். அந்நாளில் பின்னணிப் பாடல் முறை இல்லை. நடிப்பவரே, நடிக்கும்போதே பாடவேண்டும். வாத்தியக்காரர்கள் படக்கருவியின் கண்ணுக்குத் தெரியாத இடத்தில் ஒதுங்கியிருந்து வாசிப்பார்கள். விளக்குகளின் வெப்பத்தில் முகத்திலே வேர்வை வழியும். ஒலிவாங்கியின் எல்லையை விட்டு நகரவும் கூடாது. ஓரிடத்தில் குரல் பிசகினால் மீண்டும் முதலிலிருந்து தொடங்கவேண்டும். நடிகை என்றால் அழகிய முகம் என்று எண்ணுவோர் இந்த உழைப்பை எண்ணிப் பார்க்கவேண்டும்.

முகம் என்றவுடன் கடல் கடந்த ஒரு பெண்ணின் கதை நினைவுக்கு வருகிறது. அமெரிக்காவிலே ஆட்ரி மன்சன் என்றொரு பெண் இருந்தார். பிறந்தது 1891-இல். சிற்பிகளுக்கு மாதிரியாக நிற்பது அவர் தொழில். நியூயார்க்கு நகரிலே மாநகராட்சிக் கட்டடத்தின் உச்சியில் பொன்முலாம் பூசி நிற்கும் பெண் சிலைக்கு மாதிரி அவரே என்பர். 1915-இல் சான் பிரான்சிஸ்கோவில் நடந்த உலகக் கண்காட்சியின் சிலைகள் பலவற்றிலும் அவர் உருவமே இருந்தது. அவ்வாண்டே ஊமைப் படத்திலும் நடித்தார். பின்னர்ப் புகழ் மங்கிற்று, வறுமை வந்தது, மனம் நலிந்தது. 1931-ஆம் ஆண்டு, தம் நாற்பதாம் வயதிலே, அவர் மனநோய் மருத்துவமனையிற் சேர்க்கப்பட்டார். 1996-இல், நூற்று நான்கு வயதில், மருத்துவமனை வாசியாகவே உயிர் நீத்தார். நம் இராஜலட்சுமியின் குரல் தங்கசாலையிலே ஒலித்த அதே ஆண்டில், அங்கே அந்தப் பெண்ணின் வாழ்வு அடைபட்டது. சிலைகள் இன்றும் நிற்கின்றன. அண்ணாந்து பார்ப்போரில் எத்தனை பேர் அவர் பெயரை அறிவர்?

நம் ஊரிலும் இது உண்டு. மெரினாக் கடற்கரையிலே 1959-இல் நிறுவிய உழைப்பாளர் சிலையை நீங்கள் பார்த்திருப்பீர்கள். சிற்பி தேவிபிரசாத் இராய் சௌதுரியின் பெயர் பலருக்குத் தெரியும். பாறையைப் புரட்டுவது போல் உடலை வருத்தி அவர்முன் நின்றவர்களின் பெயரைக் கேட்டால் விடை சொல்வார் அரியர். உருவம் மட்டும் கொடுத்தவரை உலகம் விரைவிலே மறக்கிறது. மன்சனிடம் ஆற்றல் குறைவென்று நான் சொல்லவில்லை. அவர் உருவத்தை வைத்து ஆக்கிய பொருளின்மேல் அவருக்கு உரிமையே இல்லாமற் போயிற்று, அதுவே துயரம்.

இராஜலட்சுமி இந்த இடத்திலேதான் வேறு வழி கண்டார். 'வள்ளி திருமணம்' முதலிய படங்களால் பெரும் புகழ் பெற்றார். 'சினிமா ராணி' என்று மக்கள் அழைத்தனர். அத்துடன் அவர் நிற்கவில்லை. தாமே ஒரு நாவல் எழுதினார். 'கமலவல்லி' என்பது அதன் பெயர். அந்த நாவலைத் தழுவி 1936-ஆம் ஆண்டில் 'மிஸ் கமலா' என்ற படத்தைத் தாமே தயாரித்து, தாமே இயக்கி, தாமே நடித்தார். இந்தியாவிலே 1926-இல் பாத்மா பேகம் என்ற அம்மையார் வடக்கே ஊமைப் படம் ஒன்றை இயக்கியிருந்தார். தமிழிலே படம் இயக்கிய முதற் பெண் இராஜலட்சுமியே. பிறர் எழுதியதைப் பேசிவந்த வாய், தன் சொல்லைத் தானே எழுதிப் பேசிற்று. குழந்தை மணத்திலே தள்ளப்பட்ட பெண், மணத்திலே பெண்ணின் மனத்துக்கும் இடம் உண்டா என்று கேட்கும் கதையை எடுத்துக்கொண்டதில் வியப்பில்லை.

இவ்வளவும் சொல்லிவிட்டு, அவர் வாழ்வு இனிதே முடிந்தது என்று சொல்லி உங்களை மகிழ்விக்க எனக்கு ஆசைதான். ஆனால் உண்மையை மறைப்பது ஆசிரியனுக்கு அழகன்று. சொந்தப் பட முயற்சிகளிலே அவர் பொருளை இழந்தார். புதிய முகங்கள் வந்தன. புதிய முறைகள் வந்தன. 1964-ஆம் ஆண்டில், ஐம்பத்து மூன்று வயது நிரம்புமுன்பே, அவர் மறைந்தார். 'காளிதாஸ்' படத்தின் பிரதி ஒன்றும் இன்று கிடைத்திலது. சூடம் காட்டி வரவேற்ற சுருள் எங்கோ மக்கிப் போயிற்று. 'மிஸ் கமலா'வையும் இன்று நாம் பார்க்க முடியாது. அந்நாளைய படச்சுருள் எளிதிலே தீப்பிடிப்பது, வெப்பத்திலே சிதைவது. ஓடி முடிந்த படத்தைக் காக்கவேண்டும் என்ற எண்ணமும் அன்று எவருக்கும் இல்லை. ஆட்ரி மன்சனின் உருவம் நிலைத்தது, பெயர் மறைந்தது. இராஜலட்சுமியின் உருவமும் குரலும் மறைந்தன, பெயர் நிலைத்தது. ஏன்? அவர் தாமே ஒன்றைச் செய்தார். செய்தவர் பெயரை, செய்த பொருள் அழிந்த பின்னும் வரலாறு சொல்லுகிறது.

மாணவ நண்பர்களே, நீங்கள் எல்லாரும் நடிக்கப் புறப்படுங்கள் என்று சொல்ல நான் இங்கே வரவில்லை. அத்தொழிலின் கடினத்தையும் நட்டத்தையும் நான் மறைக்கவில்லை. தொழிலிலே உயர்வு தாழ்வு இல்லை என்பதை உழைப்பாளர் நிறைந்த எங்கள் வட சென்னை உங்களுக்கு நாள்தோறும் காட்டுகிறது. துறைமுகத்திலே சுமை தூக்குவோனையும், ஆலையிலே கொதிகலனைக் காப்போனையும் மதிக்கின்ற நாம், மேடையிலே குரலை வருத்தி உழைப்பவளை மட்டும் ஏன் வேறு கண்ணால் பார்க்கவேண்டும்? அவளை அப்படிப் பார்ப்பவர்களே, அவள் ஆடுவதைக் காண முதல் வரிசையிலே இடம் பிடிக்கிறார்கள். அந்த முரணை நான் அன்று அறிந்திருந்தேன். சொல்லத் துணிவு இல்லாதிருந்தேன்.

சென்ற ஆண்டு தங்கசாலைப் பக்கம் போனபோது, அந்தப் பழைய கொட்டகை இருந்த தெருவைத் தேடி நடந்தேன். வண்டிகளும் சுமைகளும் நெருங்கி, நிற்க இடமில்லை. ஓரமாக ஒதுங்கிச் சிறிது நேரம் நின்றேன். என் மாணவி இன்று எங்கே இருக்கிறாளோ, நான் அறியேன். அவளுக்கும் இன்று மகள் ஒருத்தி இருக்கக்கூடும். அந்த மகள் ஒருநாள் அவளிடம் இதே கேள்வியைக் கேட்கக்கூடும். இந்த வானொலிப் பேச்சு அவள் காதில் விழுமானால், நான் சொல்ல விரும்புவது இதுதான்: "அம்மா, அன்று நீ கேட்டது நல்ல கேள்வி. நான் சொன்னது நல்ல விடையன்று. உன் குரல் நன்றாக இருந்தது."