தூத்துக்குடித் தொழிலாளர் படைத்த உரிமைச் சரித்திரம்

(தூத்துக்குடியில் ஆலை, விவசாயத் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)

மனித உரிமை என்று பேச்செடுத்தால், படித்தவர்கள் உடனே ஐரோப்பாவைக் காட்டுகிறார்கள். 1789ல் பிரான்ஸ் தேசத்தில் மனித உரிமைப் பிரகடனம் வந்தது, வாஸ்தவம்தான். ஆனால், இரண்டே வருஷத்தில், 1791ல், அதே பிரான்சில் தொழிலாளர் சங்கம் சேருவதைத் தடுத்துச் சட்டம் வந்தது. இங்கிலாந்திலும் 1799ல் அப்படியொரு சட்டம் போட்டார்கள். தொழிலாளர் ஒளிந்தும் மறைந்தும் சங்கம் நடத்தினார்கள். 1824ல்தான் அது ரத்தாயிற்று.

அப்படியானால் உரிமையைக் கொடுத்தது யார்? ஏட்டில் எழுதியவர்களா, வீதியில் நின்றவர்களா?

இந்தக் கேள்விக்கு விடை தேடியவர் ஈ.பி. தாம்சன் என்ற ஆங்கில சரித்திர ஆசிரியர். ஆங்கிலத் தொழிலாளி வர்க்கம் உருவான வரலாற்றை 1963ல் எழுதினார். ராஜாக்களையும் மந்திரிகளையும் விட்டுவிட்டு, நெசவாளியையும் செருப்புத் தொழிலாளியையும் தேடிப் போனார். தாமஸ் ஹார்டி என்ற செருப்புத் தொழிலாளி 1792ல் லண்டனில் வாக்குரிமை கேட்டுச் சங்கம் அமைத்தார். 1794ல் அவர்மீது ராஜத்துரோக வழக்குப் போட்டார்கள். ஜூரிகள் அவரை விடுதலை செய்தார்கள்.

நம் ஊரிலும் அப்படி நடந்ததா? நடந்தது. அதைத் தோண்டி எடுத்தவர் ஆ. இரா. வேங்கடாசலபதி. 1984ல், தம் 17 வயதிலேயே வ.உ.சி.யின் கடிதங்களைப் புத்தகமாக்கியவர். ‘திருநெல்வேலி எழுச்சியும் வ.உ.சி.யும் 1908’ என்ற அவருடைய நூலுக்கு 2024ம் வருஷத்து சாகித்திய அகாடமி பரிசு கிடைத்தது.

ஒன்பது நாள் போராட்டம்

1908 பிப்ரவரி 27ந் தேதி கோரல் மில் தொழிலாளர் வேலை நிறுத்தம் செய்தார்கள். கூலி உயர்வு கேட்டார்கள்; வாரம் ஒரு நாள் லீவு கேட்டார்கள். விடியுமுன் உள்ளே போய், இருட்டிய பின் வெளியே வந்தவர்கள் அவர்கள். சுதேசிக் கப்பல் ஓட்டிய வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் அவர்கள் பக்கம் நின்றார்கள். ஊர் ஜனங்கள் அவர்களைப் பட்டினி போடவில்லை. வேலை நிறுத்தத்தை எதிர்த்துப் பேசிய ஒரு வக்கீலுக்குப் பாதி சவரத்தோடு நாவிதர் எழுந்து போனார் என்பது இன்றும் ஊர் சொல்லும் கதை. ஒன்பதாம் நாள் நிர்வாகம் இறங்கி வந்தது. கூலி உயர்ந்தது, ஞாயிறு லீவும் கிடைத்தது.

‘சிவில் சமூகம்’ என்று இன்று பெரிய வார்த்தையில் சொல்கிறார்களே, அது இதுதான். சர்க்கார் உத்தரவும் இல்லை, முதலாளி தயவும் இல்லை. ஜனங்கள் தாங்களாகவே ஒருவருக்கொருவர் தோள் கொடுத்தார்கள்.

சர்க்கார் சும்மா இருக்குமா? மார்ச் 12ந் தேதி வ.உ.சி.யையும் சிவாவையும் கைது செய்தது. மறுநாள் திருநெல்வேலி கொந்தளித்தது. துப்பாக்கிச் சூட்டில் நால்வர் மாண்டார்கள். தூத்துக்குடியில் ஆலைத் தொழிலாளர் மறுபடி வேலையை நிறுத்தினார்கள், கடைகள் அடைபட்டன. இந்த முறை கூலிக்காக அல்ல. தலைவர்களைச் சிறை வைத்ததை எதிர்த்து! திலகருக்காகப் பம்பாய்த் தொழிலாளர் நடத்திய வேலை நிறுத்தத்தை லெனின் பாராட்டி எழுதினார். அது அதே வருஷம் ஜூலையில் நடந்தது. நம் தொழிலாளர் நாலு மாதம் முந்திக்கொண்டார்கள்.

ஜூலை 7ந் தேதி வ.உ.சி.க்கு இரண்டு ஆயுள் தண்டனை விதித்தார்கள். ஒன்று பேசியதற்கு, மற்றொன்று சிவாவுக்கு இடமும் சோறும் கொடுத்து உதவியதற்கு! மேல் கோர்ட்டில் தண்டனை குறைந்து, 1912 டிசம்பரில் விடுதலையானார். ஊர் ஜனங்கள்மீது தண்டப் போலீசை ஏவி, அதன் செலவையும் அவர்கள் தலையிலேயே கட்டினார்கள்.

பெயர் இல்லாதவர்கள்

சர்க்கார் ரிக்கார்டில் இவர்கள் ‘கலகக் கும்பல்’. அதே போலீஸ் அறிக்கையையும் கோர்ட்டுத் தீர்ப்பையும் திருப்பிப் படித்து, கும்பலுக்குள்ளே மனிதனைக் காண்பதுதான் சரித்திர ஆசிரியரின் வேலை. நம் கடலில் முத்துக் குளித்தவனுக்குச் சிப்பியில் மூன்றில் ஒரு பங்குதான். இரண்டு பங்கு சர்க்காருக்கு. சிப்பிக் கணக்கு ஏட்டில் இருக்கிறது. மூச்சடக்கி மூழ்கியவன் பெயரைத் தேடத்தான் வேண்டியிருக்கிறது.

இது பழங்கதை என்று எண்ணாதீர்கள். 2018 மே 22ந் தேதி, ஸ்டெர்லைட் ஆலையை மூடக் கோரிக் கலெக்டர் ஆபீசுக்குப் போன ஜனங்கள்மீது இதே தூத்துக்குடியில் போலீஸ் சுட்டது. அன்றும் மறுநாளும் நடந்த துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் பலியானார்கள். போலீஸ் வரம்பு மீறியது என்று அருணா ஜெகதீசன் கமிஷனே சொல்லிற்று. அந்த அறிக்கை 2022ல் சட்டசபைக்கு வந்தது.

தோழர்களே! நம் கதையைப் போலீஸ் டைரி மட்டும் எழுதும்படி விடலாமா? கூலிச் சீட்டைக் கிழித்துப் போடாதீர்கள். சங்கத்தின் மினிட் புத்தகத்தைக் கரையானுக்குக் கொடுக்காதீர்கள். துண்டுப் பிரசுரத்தில் தேதி போடுங்கள். போராட்டத்தில் நின்ற கிழவரையும் கிழவியையும் உட்கார வைத்துக் கேளுங்கள். அவர்கள் சொல்வதைப் பெயரோடு எழுதி வையுங்கள். நாளை உரிமையை மறுத்து ஒருவன் வந்தால், நாம் எடுத்துக் காட்டும் சாட்சி அதுதான்.