இருமுறை எண்ணிய வளைவு

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குப் பஸ்ஸில் போயிருக்கிறீர்களா? அடிவாரம் தாண்டியதும் கொண்டை ஊசி வளைவுகள் தொடங்கும். மொத்தம் 20. இந்தச் சேர்வராயன் மலைப்பாதை நமக்கு ஒரு நல்ல கணக்கும் சொல்லித் தருகிறது.

இரண்டாவது, நான்காவது, ஆறாவது என்று ஒன்றுவிட்டு ஒரு வளைவில் மரக்கன்று நடுவதாக வைத்துக்கொள்வோம். 10 வளைவுகள். மூன்றாவது, ஆறாவது, ஒன்பதாவது என்று விளக்குப் போடுவோம். 6 வளைவுகள். கன்றோ விளக்கோ, ஏதாவது ஒன்றாவது கிடைத்த வளைவுகள் எத்தனை?

பத்தும் ஆறும் பதினாறு என்று வாய் முந்திக்கொள்ளும். கொஞ்சம் பொறுங்கள். ஆறாவது வளைவில் கன்றும் உண்டு, விளக்கும் உண்டு. பன்னிரண்டிலும் அப்படித்தான். பதினெட்டிலும் அப்படித்தான். இந்த மூன்றையும் இருமுறை எண்ணிவிட்டோம். ஒருமுறை கழித்தால் 13. அதுதான் சரியான விடை.

கல்யாண வீட்டிலும் இதே கணக்குதான். அப்பா ஒரு பட்டியல் எழுதுவார், அம்மா ஒரு பட்டியல் எழுதுவார். இரண்டிலும் பெரியப்பா பெயர் இருக்கும். ஆனால் பந்தியில் அவருக்கு இலை ஒன்றுதானே?

பட்டியல் மூன்றானால் இன்னொரு படி உண்டு. மூன்றிலும் இருப்பவரை மூன்று முறை கூட்டி, இரண்டிரண்டு பட்டியல்களுக்குப் பொதுவானவர் என்று மூன்று முறை கழித்திருப்போம். ஆள் காணாமலே போய்விடுவார். அவரை ஒருமுறை திரும்பச் சேர்க்க வேண்டும். இதைத்தான் கணிதத்தில் சேர்த்தல் நீக்கல் விதி என்கிறார்கள்.

அடுத்த முறை ஏற்காடு ஏறும்போது பிள்ளைகளை ஜன்னலோரம் உட்காரவைத்து வளைவுகளை எண்ணச் சொல்லுங்கள். கூட்டுங்கள், பொதுவானதைக் கழியுங்கள். கணக்கு தப்பாது.