ஆட்டக்காரரும் ஊதியமும்

ஹாக்கி என்றதும் நம் மனம் தியான் சந்தையும் அவர் ஆடிய தரையையும் நாடும். கனடா நாட்டினருக்கோ அது பனிக்கட்டியின்மீது சறுக்கியவாறு ஆடும் ஆட்டமாகும். அதனைத் தொழிலாகக் கொண்டோரின் நிலை எவ்வாறு மாறிற்று என்பதை இன்று சிறிது நோக்குவோம்.

1942 முதல் 1967 வரை அங்குள்ள தேசிய ஹாக்கி லீக்கில் இருந்த கழகங்கள் ஆறே. ஒரு கழகத்தில் ஒப்பமிட்டவர், அக்கழகம் விடுவித்தாலன்றி வேறு கழகத்துக்குச் செல்ல இயலாது. வாங்குவோர் ஒருவரேயாயின், விலை கூறுபவரும் அவரே அல்லவா?

1957-இல் டெட்ராயிட் அணியின் டெட் லிண்ட்சே சக ஆட்டக்காரர்களைத் திரட்டிச் சங்கம் ஒன்றை அமைத்தார். ஓய்வூதிய நிதியின் கணக்கைக் காட்டவேண்டும் என்பது அவர்கள் கேட்டவற்றுள் ஒன்று. அப்பருவத்தில் லிண்ட்சே 30 கோல்கள் போட்டிருந்தார். ஆயினும் அக்கோடையிலேயே, பட்டியலில் கடைசியாக நின்ற சிக்காகோ கழகத்துக்கு அவர் மாற்றப்பட்டார். மற்றவர்களுக்கு அது எச்சரிக்கையாயிற்று. மறு ஆண்டில் சங்கமும் மறைந்தது.

1967-இல் கழகங்கள் பன்னிரண்டாயின. புதிய சங்கமும் தோன்றியது. அதனை நெடுங்காலம் நடத்திய ஆலன் ஈகிள்சன், 1998-இல் மோசடிக் குற்றத்தை ஒப்புக்கொண்டு சிறை சென்றார். வேலியே பயிரை மேய்ந்த கதைதான். ஆதலின், நிலைமையை மாற்றியது சங்கம் மட்டுமன்று. 1972-இல் போட்டி லீக் ஒன்று எழுந்ததும் வாங்குவோர் இருவராயினர். சிக்காகோவின் பாபி ஹல், புதிய லீக்கைச் சேர்ந்த வின்னிபெக் அணியில் ஒப்பமிட்டதற்கே 10 லட்சம் டாலர் பெற்றார். அவரைத் தொடர்ந்து ஏனையோரின் ஊதியமும் உயர்ந்தது.

பணம் பெருகியபோது பிணக்கும் பெருகிற்று. கியூபெக் நகரம் 1995-இலும், வின்னிபெக் 1996-இலும் தம் அணிகளை அமெரிக்க நகரங்களுக்குப் பறிகொடுத்தன. ஊதியத்துக்கு உச்சவரம்பு வேண்டுமென முதலாளிகள் கதவடைத்தமையால், 2004-05 பருவத்தில் ஓர் ஆட்டம்கூட நடைபெறவில்லை. இறுதியில் ஓர் அணியின் மொத்த ஊதியத்துக்கு 390 லட்சம் டாலர் வரம்பாயிற்று. மீண்டும் ஒரு கதவடைப்புக்குப் பின், 2013-இல் ஏற்பட்ட உடன்பாட்டின்படி, ஹாக்கி வருமானத்தில் பாதி ஆட்டக்காரர்களைச் சேர்வதாயிற்று.

இழப்புகள் மெய்யே, அணியை இழந்த ஊராரின் வருத்தமும் மெய்யே. எனினும் கணக்குக் கேட்டவரை ஊர் மாற்றிய அந்த நாளை நல்ல நாளென்று நாம் சொல்லோம். சிறந்த ஆட்டக்காரரெனச் சக ஆட்டக்காரர்களே தேர்ந்தெடுப்பவருக்கு அளிக்கும் பரிசுக்கு, 2010-இல் லிண்ட்சேயின் பெயரையே சங்கத்தார் சூட்டினர். தாம் பெற்றது யாரால் என்பதை அவர்கள் மறக்கவில்லை.