செருப்புக்குத் திருந்தாத டென்னிஸ்

(பட்டிமன்றத் தலைப்பு: பிள்ளைகளை வளர்ப்பது கண்டிப்பா? கலகலப்பா? ‘கலகலப்பே’ என்ற அணியில் பேசியது.)

நடுவர் அவர்களே, எதிரணியில் கண்டிப்பே வடிவாக வீற்றிருக்கும் நண்பர்களே! (சிரிப்பு)

எனக்கு முன்னால் பேசிய அம்மையார், ‘அடியாத மாடு படியாது’ என்று சொல்லிவிட்டுப் போய் அமர்ந்தார்கள். அம்மா, தலைப்பு பிள்ளை வளர்ப்பு. மாடு வளர்ப்பு இல்லீங்க! (கைதட்டல்) ‘வெள்ளைக்காரன் பிரம்பைக் காட்டித்தான் பிள்ளையை வளர்த்தான்’ என்றும் சொன்னார்கள். சரி, வெள்ளைக்காரன் வீட்டுக்கே போய்ப் பார்ப்போம். அவன் பிள்ளை கையில் என்ன வைத்திருந்தான் தெரியுமா?

ஸ்காட்லாந்திலே டண்டீ என்று ஓர் ஊர். அங்கே டி.சி. தாம்சன் என்ற பதிப்பகத்தார், 1938 ஜூலை 30 தேதியிட்டு, பிள்ளைகளுக்கு ஒரு சித்திரக்கதை வார இதழ் கொண்டுவந்தார்கள். பெயர் ‘பீனோ’. அவர்கள் பேச்சு வழக்கில் பீனோ என்றால் விருந்துக் கொண்டாட்டம். விலை 2 பென்னி. முதல் அட்டையிலே யார்? புத்தி சொல்லும் தாத்தாவா? இல்லை ஐயா, ஒரு நெருப்புக்கோழி! (சிரிப்பு)

மறு வருஷமே உலகப் போர் வந்துவிட்டது. காகிதத்துக்குப் பஞ்சம். குண்டு விழுகிற ஊர்கள். வெண்ணெய்க்கும் சர்க்கரைக்கும் பங்கீட்டுச் சீட்டு. 1942-லிருந்து பிள்ளைகள் தின்கிற மிட்டாய்க்கும் சீட்டு. அந்த நிலைமையிலே, ‘சிரிப்புக்கு எதுக்கய்யா காகிதம்?’ என்று இதழை மூடியிருக்கலாம். மூடவில்லையே! பீனோவுக்கு ஓர் அண்ணன் உண்டு, ‘டேண்டி’ என்று, 1937-லே பிறந்தவன். 1941 முதல் 1949 வரை அண்ணன் ஒரு வாரம், தம்பி ஒரு வாரம் என்று மாறி மாறி வந்தார்கள். ஒரே சட்டையை ரெண்டு பேர் முறை வைத்துப் போட்டுக்கொள்கிற வீடு மாதிரி! (கைதட்டல்) போர் முடிந்து, 1950-லே பீனோ விற்றது வாரம் ஏறக்குறைய 20 லட்சம் பிரதி.

இப்போ நம்ம கதாநாயகனுக்கு வருவோம். 1951 மார்ச்சிலே டேவிட் லா என்ற ஓவியர் வரைந்த டென்னிஸ். முள்ளு முள்ளாத் தலைமுடி. பின்னாளிலே சிவப்பும் கறுப்புமாப் பட்டை போட்ட சட்டை. தெருவே அவனைக் கண்டால் கதவைச் சாத்தும். (அதே மாதம், அதே பெயரிலே அமெரிக்காவிலும் ஒரு சுட்டிப் பையன் பத்திரிகையில் பிறந்தான். ஒருவரைப் பார்த்து ஒருவர் எழுதவில்லை. அந்தப் பெயருக்கே அப்படி ஒரு ராசி!)

இங்கேதான் எதிரணிக்கு வாயெல்லாம் பல். ஏன்? டென்னிஸ் கதை பெரும்பாலும் எப்படி முடியும் என்றால், கடைசிக் கட்டத்திலே அப்பா செருப்பை எடுப்பார். நம் ஊரிலே செருப்படி என்றால் மானம் போகிற சமாசாரம். அங்கே அப்படியில்லை. வீட்டுக்குள் போடுகிற மெத்தென்ற செருப்பு. அதால் பின்பக்கம் நாலு வைப்பது அந்தக் காலத்து வழக்கம். ‘பார்த்தீரா, உமது சிரிப்புப் புத்தகத்திலேயே அடிதானே முடிவு?’ என்பார்கள்.

நான் கேட்கிறேன்: அந்த அடியிலே டென்னிஸ் திருந்தினானா? திருந்தியிருந்தால் 1951-லே ரெண்டாவது வாரமே கதை முடிந்திருக்குமே! (பலத்த கைதட்டல்) அடுத்த வாரம் அதே பையன், அதே குறும்பு, அதே அப்பா. 1987-லே பிரிட்டனின் அரசுப் பள்ளிகளில் பிள்ளைகளை அடிப்பது சட்டப்படி நின்றது. பீனோவிலும் அந்தச் செருப்பு மெல்ல மெல்லக் காணாமல் போனது. செருப்புத்தான் போச்சு. டென்னிஸ் இருக்கான்!

ஆனால் நடுவர் அவர்களே, ஒன்றை மறைத்துப் பேசினால் அது நியாயமில்லை. என் கட்சிக்குச் சங்கடமான விஷயம், நானே சொல்லிவிடுகிறேன். அதே கதையிலே வால்டர் என்று ஒரு பையன். சாது. யார் வம்புக்கும் போகமாட்டான். அவனை டென்னிஸ் பாடாய்ப் படுத்துவான், நாடே சிரிக்கும். வகுப்பிலே சாதுவாக உட்கார்ந்திருந்த பிள்ளைகள் அதைப் படித்துவிட்டு எங்கே போய் அழுதார்களோ! அடிக்கிற கை வலிக்கும். சிரிக்கிற வாய் வலிக்காது. அதனால்தான் அது இன்னும் ஆபத்து. நானும் மேடையிலே ஆளைக் கேலி செய்து கைதட்டல் வாங்குகிறவன்தான். அந்த அம்மையாரை மாட்டோடு சேர்த்துப் பேசினேனே, அதுவும் அந்த ரகந்தான். மன்னிச்சுக்குங்க அம்மா.

ஆனால் ஒரு வித்தியாசம். அந்தக் கேலி தப்பு என்று பீனோக்காரர்களுக்குப் பட்டது. வால்டரை மாற்றி எழுதினார்கள். 2021-லே, குண்டன் என்று பெயர் வைத்திருந்த ஒரு பையனுக்கு ஃபிரெடி என்று நல்ல பெயர் கொடுத்தார்கள். பிள்ளை மனம் நோகும் என்று தன் பழைய சிரிப்பையே திருத்திக்கொண்ட இதழ் அது. 2019-லே 4000-ஆவது இதழைத் தொட்டுவிட்டது. எந்த வீட்டுப் பிரம்பு ஐயா தன்னைத் தானே திருத்திக்கொண்டது? (கைதட்டல்)

நடுவர் மணியிலே கை வைத்துவிட்டார். பீனோவிலே 1954-லே லியோ பாக்சன்டேல் என்ற ஓவியர் ஒரு தொடர் தொடங்கினார். பள்ளிக்கூட மணி அடித்ததும் பிள்ளைகள் வெளியே பாய்ந்து வருவதுதான் அதிலே வேடிக்கை. நானும் அந்தக் கட்சிதானே. மணி அடிக்கிறதுக்குள்ளே ஓடிவிடுகிறேன்.