மலடி என்னும் பட்டம்

(ஜவ்வாது மலையில் மலைவாழ் தோழர்களிடையே பேசியதன் சுருக்கம்)



இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட விஷயம் பிள்ளையில்லாமை என்பது. இது மேடையில் பேசத்தக்க விஷயமா என்று உங்களில் சிலர் நினைக்கலாம். ஜனங்கள் எதை வெட்கப்பட்டு வீட்டிற்குள் மறைத்து வைக்கிறார்களோ, அதை வைத்துத்தான் பூசாரியும், ஜோசியனும், போலி வைத்தியனும் பிழைக்கிறார்கள். ஆதலால் இதை வெளிப்படையாகப் பேச வேண்டியது அவசியமாகிறது.

மற்றொரு கேள்வியும் வரலாம். "1930-ஆம் ஆண்டுகளிலேயே கர்ப்பத்தடை வேண்டும் என்றும், பெண்கள் பிள்ளை பெறும் யந்திரமல்ல என்றும் சொன்ன இயக்கத்தார், இன்று பிள்ளையில்லாதவர்களுக்காகப் பேச வந்திருப்பது முரணல்லவா?" என்று கேட்கலாம். இதில் முரண் ஒன்றுமில்லை. வேண்டாம் என்கிற பெண்ணை 'பெற்றே தீரவேண்டும்' என்று கட்டாயப்படுத்துவது எதுவோ, பெறாத பெண்ணை 'மலடி' என்று ஒதுக்கி வைப்பதும் அதுவேதான். பெண்ணுக்கு வயிற்றைத் தவிர வேறு மதிப்பில்லை என்னும் எண்ணமே இரண்டிற்கும் காரணம். ஆகவே அவள் வேண்டாம் என்றாலும், வேண்டும் என்றாலும், அது அவளுடைய சுதந்திரமாக இருக்கவேண்டும் என்பதே நமது அபிப்பிராயம்.

சாஸ்திரம் சொல்வதென்ன?

மலடி என்ற சொல்லை நாம் தினமும் கேட்கிறோம். மலடன் என்ற சொல் அகராதியில் இருக்கலாம், தெருவில் இல்லை. ஏன்? பிள்ளையில்லாவிட்டால் குற்றம் பெண்ணுடையது என்று முன்னதாகவே தீர்ப்பு எழுதி வைத்துவிட்டார்கள். மனுதர்மம் ஒன்பதாவது அத்தியாயத்தில், மலடியாயிருக்கிற மனைவியை எட்டாவது வருஷத்தில் தள்ளி வேறொருத்தியைக் கொள்ளலாம் என்றும், பெண்ணையே பெறுகிறவளைப் பதினோராவது வருஷத்தில் தள்ளலாம் என்றும் கணக்குப் போட்டு வைத்திருக்கிறது. ஆனால் புருஷனிடம் கோளாறு இருந்தால் எத்தனை வருஷத்தில் அவனைத் தள்ளலாம் என்று மனைவிக்கு ஒரு கணக்குக் கொடுத்திருக்கிறதா?

இராமாயணக் கதையைப் பாருங்கள். தசரதனுக்குப் பட்டத்து மனைவிகள் மூவர். மூவருக்கும் பிள்ளையில்லை. கோளாறு எந்தப் பக்கம் இருக்கலாம் என்று ஒரு சிறு பையனைக் கேட்டாலும் சொல்லிவிடுவானே! ஆனால் யாகத்தில் வந்த பாயசத்தைக் குடித்தவர்கள் யார்? மனைவிமார்கள்! இன்றைக்கும் அதே வழக்கந்தான் நடக்கிறது. கோளாறு யாரிடம் இருந்தாலும் மருந்து குடிக்கிறவள் பெண். விரதம் இருக்கிறவள் பெண். மண்சோறு தின்கிறவள் பெண்.

இது நம் நாட்டு மதத்திற்கு மாத்திரம் உரிய வியாதியல்ல. யூதர்களின் வேதத்திலும் சாராள், ராகேல், அன்னாள் என்று பிள்ளையில்லாமல் அழுத பெண்களின் கதைகளே நிறைய இருக்கின்றன. பலுகிப் பெருகுவதே முதற்கட்டளை என்று வைத்துக்கொண்ட சமூகத்தில் பிள்ளையில்லாதவளின் கதி என்னவாகும்? ஆனால் இன்று இஸ்ரேல் தேசத்தில் செயற்கைக் கருத்தரிப்புக்கு ஆகும் செலவை, இரண்டு குழந்தைகள் வரையில், பெண்ணுக்கு 45 வயதாகும் மட்டும், அரசாங்கமே ஏற்றுக்கொள்கிறது. வேறு தேசங்களிலுள்ள யூதர்களும் சங்கம் வைத்து, பிள்ளையில்லாத குடும்பங்களுக்குப் பண உதவியும் ஆறுதலும் அளிக்கிறார்கள். வேதத்தைக் கையில் வைத்திருப்பவர்களும் பிள்ளைக்கு விஞ்ஞானத்தினிடந்தான் வருகிறார்கள் என்பதைக் கவனியுங்கள்.

எழுதியவர்மேல் கோபம்

திருச்செங்கோட்டுப் பக்கத்தில் பிள்ளையில்லாத கணவன் மனைவி ஊராரின் பேச்சுக்கு ஆளாகி எப்படி வதைபட்டார்கள் என்பதைத் தோழர் பெருமாள்முருகன் 2010-இல் 'மாதொருபாகன்' என்ற நாவலாக எழுதினார். நான்கு வருஷம் யாரும் வாய் திறக்கவில்லை. 2014 டிசம்பரில் அந்தப் புத்தகத்தைக் கொளுத்தினார்கள். பிறகு கடையடைப்பும் நடத்தினார்கள். 2015 ஜனவரியில், எழுத்தாளன் பெருமாள்முருகன் செத்துவிட்டான் என்று அவரே அறிவிக்கும்படி செய்தார்கள். 2016 ஜூலை 5-இல் சென்னை உயர்நீதிமன்றம் புத்தகத்தின்மேல் நடவடிக்கை கேட்டவர்களின் மனுவைத் தள்ளி, அவர் மறுபடியும் எழுதட்டும் என்று தீர்ப்புச் சொன்னது. நாம் கேட்பது ஒன்றுதான். பிள்ளையில்லாதவள் என்று ஒருத்தியை ஊரே சேர்ந்து குத்திப் பேசும்போது வராத கோபம், அதை ஒருவர் எழுதினபோது மாத்திரம் எங்கிருந்து வந்தது?

குரு பார்வையும் காவலூரும்

நிற்க. இந்த மலையில் நின்று பேசும்போது ஒன்றைச் சொல்லாமலிருக்க முடியாது. பிள்ளையில்லை என்று ஜோசியனிடம் போனால் 'புத்திர தோஷம்' என்பான். குரு பார்வை இல்லை என்பான். பரிகாரத்திற்கு இவ்வளவு பணம் என்பான். குரு என்பது வியாழன் என்னும் கிரகம். உங்கள் மலையிலேயே காவலூரில், 1967-இல் வைணு பாப்பு என்னும் விஞ்ஞானி வானத்தை ஆராயும் நிலையத்திற்கு இடம் கண்டார். 1972-இல் அங்கிருந்து வியாழனைச் சுற்றும் கானிமீடு என்ற சந்திரனைப் பார்த்து, அதற்கு மெல்லிய காற்று மண்டலம் இருப்பதற்கு அடையாளம் கண்டார்கள். 1977-இல் யுரேனஸ் என்ற கிரகத்திற்கு வளையங்கள் இருப்பதையும் அங்கிருந்து பார்த்தவர்கள் உண்டு. அந்த யுரேனஸ் ஜோசியனின் ஒன்பது கிரகங்களில் இல்லவே இல்லை!

ஆகவே தோழர்களே, குரு உங்களைப் பார்க்கவில்லை. நீங்கள்தான் குருவைப் பார்க்கிறீர்கள். அது வாயுக்களால் ஆன பெரிய உருண்டை. அதற்குக் கண்ணுமில்லை, உங்கள் வீட்டுத் தொட்டிலைப்பற்றிய கவலையுமில்லை. இரவெல்லாம் கண்விழித்து அதைப் பார்க்கிற விஞ்ஞானி பரிகாரத்திற்குப் பணம் கேட்பதில்லை. அதை ஒருநாளும் பாராதவன்தான் கேட்கிறான்.

உண்மையான காரணங்கள்

பின் காரணந்தான் என்ன? பெண்ணிடத்தில் மாதந்தோறும் கருமுட்டை சரியாக வெளிப்படாமலிருக்கலாம், கருக்குழாய் அடைபட்டிருக்கலாம். நம் நாட்டில் அந்த அடைப்புக்குக் காசநோயும் ஒரு காரணம். அது நுரையீரலை மட்டும் தாக்குவதில்லை. ஆணிடத்தில் விந்தணு குறைவாகவோ, ஓட்டமில்லாமலோ, அடியோடு இல்லாமலோ இருக்கலாம். பிள்ளையில்லாத தம்பதிகளில் ஏறக்குறையப் பாதிப்பேரிடம் ஆணின் கோளாறும் சேர்ந்திருக்கிறது. உலகத்தில் ஆறு பேரில் ஒருவர் வாழ்நாளில் எப்பொழுதாவது இந்தக் கஷ்டத்தை அனுபவிக்கிறார் என்று உலக சுகாதார நிறுவனம் 2023-இல் கணக்குச் சொன்னது. ஆறில் ஒருவருக்கு வருவது பாவமா, சாபமா, அல்லது தலைவலி காய்ச்சல்போல் தேகத்தில் வரும் கோளாறா?

இதைக் கண்டுபிடிக்க முதலில் செய்யவேண்டிய பரிசோதனை புருஷனுக்கு. அது எளியது, கத்தியில்லை, ஊசியில்லை, வலியில்லை. பெண்ணுக்குச் செய்யும் பரிசோதனைகளோ பல. சிலவற்றில் வலியும் உண்டு. இருந்தும் நடப்பதென்ன? பெண்ணை ஐந்து வருஷம் ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாக இழுத்த பிறகும், 'எனக்கென்ன குறை' என்று மீசையை முறுக்குகிறவன் ஒருநாள் பரிசோதனைக்கு வருவதில்லை. ஆண்மை வேறு, விந்தணு வேறு. நல்ல பலசாலியாயும் தாம்பத்தியத்தில் குறையில்லாமலும் இருப்பவனுக்கும் விந்தணு இல்லாமலிருக்கலாம். இதில் அவமானம் ஒன்றுமில்லை. பரிசோதனைக்குப் பயந்து பெண்மேல் பழியைப் போடுவதே அவமானம்.

விஞ்ஞானம் செய்தது

பெரியார் அவர்கள் 1940-களில் 'இனிவரும் உலகம்' பற்றிச் சொன்னபோது, ஆண் பெண் சேர்க்கையில்லாமலே பிள்ளை பிறக்கும் காலம் வரும் என்றார். கேட்டவர்கள் சிரித்தார்கள். 1978 ஜூலை 25-இல் இங்கிலாந்தில் லூயிஸ் பிரவுன் என்ற குழந்தை, தாயின் உடலுக்கு வெளியே உண்டாக்கிய கருவிலிருந்து பிறந்தது. அதே வருஷம் அக்டோபர் 3-இல் கல்கத்தாவில் டாக்டர் சுபாஷ் முகோபாத்யாய் என்பவரின் முயற்சியால் மற்றொரு குழந்தை பிறந்தது. ஆனால் நம் நாட்டில் அவருக்குக் கிடைத்த மரியாதை என்ன? அரசாங்கம் அமைத்த குழு அவரை நம்ப மறுத்தது. வெளிநாடு சென்று தமது வேலையை விளக்கவும் விடவில்லை. கண் வைத்தியத் துறைக்கு மாற்றினார்கள். 1981 ஜூனில் அவர் தற்கொலை செய்துகொண்டார்.

பிறகு 1986-இல் பம்பாயில் டாக்டர் இந்திரா ஹிந்துஜா, ஆனந்தகுமார் முதலியோரின் முயற்சியால் பிறந்த குழந்தையே இந்தியாவில் முதலாவது என்று பேசப்பட்டது. ஆனால் அந்த ஆனந்தகுமாரே இறந்துபோனவரின் குறிப்புகளை வாங்கிப் படித்து, 1997-இல் 'முதலாவதாகச் செய்தவர் அவர்தான்' என்று வெளியிட்டார். தமக்கு வந்த பெருமையை உண்மைக்காகத் தாமே விட்டுக்கொடுத்தார். எந்த மடாதிபதியாவது, எந்த ஜோசியனாவது, 'நான் சொன்னதைவிட அவன் சொன்னதே சரி' என்று இப்படிச் சொன்னதுண்டா? இதுதான் பகுத்தறிவின் ஒழுக்கம்.

புதிய பூசாரிகள்

ஆனால் விஞ்ஞானத்தின் பேரைச் சொல்லிக்கொண்டு புதிய பூசாரிகளும் வந்துவிட்டார்கள். 'நிச்சயம் குழந்தை' என்று சுவரெங்கும் எழுதி வைக்கிறவனை நம்பாதீர்கள். செயற்கைக் கருத்தரிப்பு ஒரு தடவை செய்தால் பாதிக்கு மேற்பட்டவர்களுக்குப் பலிப்பதில்லை. வயது ஏற ஏற இன்னும் குறையும். சாமை விளைகிற நிலத்தை அடகு வைத்துக்கொண்டு ஓடுவதற்குமுன், எத்தனை பேருக்குப் பலித்தது, மொத்தம் எவ்வளவு செலவு என்று கேளுங்கள். ஈரோட்டில் 16 வயதுப் பெண்ணைப் பலதடவை கருமுட்டை கொடுக்கச் செய்து விற்ற கொடுமை 2022-இல் வெளியாயிற்று. ஒருவர் வீட்டில் பிள்ளை வேண்டும் என்பதற்காக ஏழை வீட்டுப் பெண்ணின் உடலைச் சந்தையில் வைப்பது விஞ்ஞானமல்ல, வியாபாரம். 2021-ஆம் வருஷத்துச் சட்டம், பதிவு செய்யாத இடத்தில் இச்சிகிச்சை செய்வதையும் கருமுட்டை விற்பதையும் குற்றமாக்கியிருக்கிறது. இதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

இந்த மலைக்கு ஒரு வார்த்தை

கீழ்நாட்டில் 1949-ஆம் வருஷத்துச் சென்னைச் சட்டமும், 1955-ஆம் வருஷத்து இந்து விவாகச் சட்டமும், மனைவி இருக்கும்போது இன்னொருத்தியைக் கட்டக்கூடாது என்று தடுத்தன. பிள்ளையில்லை என்பது மாத்திரம் விவாகத்தை முறிக்கக் காரணமாகாது. ஆனால் இந்து விவாகச் சட்டம், மத்திய அரசு தனியே அறிவித்தாலொழிய, பழங்குடி மக்களுக்குச் செல்லாது. மலையாளி மக்களாகிய உங்களுக்கு வழக்கமே சட்டம் என்றால், அந்த வழக்கத்தை ஆக்குவதும் மாற்றுவதும் உங்கள் கையில்தான் இருக்கிறது. ஆகவே இம்மலையின் ஊர்க்கூட்டங்களுக்கு நாம் சொல்வதாவது: பிள்ளையில்லை என்று ஒருவன் இரண்டாவது பெண்ணைக் கேட்டு வந்தால், "நீ பரிசோதனை செய்துகொண்டாயா?" என்று முதலில் கேளுங்கள். இந்த ஒரு கேள்வி எத்தனையோ பெண்களின் வாழ்வைக் காப்பாற்றும்.

விவாகமாகி ஒரு வருஷம் சேர்ந்து வாழ்ந்தும் கரு உண்டாகவில்லையென்றால், பெண்ணுக்கு 35 வயது கடந்திருந்தால் ஆறு மாதத்திலேயே, இருவரும் சேர்ந்து சர்க்கார் ஆஸ்பத்திரிக்குப் போங்கள். வேப்பிலைக்கும் தாயத்துக்கும் செலவிடும் வருஷங்கள் திரும்பி வருவதில்லை. வைத்தியத்தாலும் ஆகவில்லையென்றால், 2015-ஆம் வருஷத்துச் சிறார் நீதிச் சட்டத்தின்படி எந்த மதத்தாரும், எந்த வகுப்பாரும் சட்டப்படி தத்து எடுக்கலாம். பெண் குழந்தையையும் எடுக்கலாம். முன்காலத்தில் கொள்ளி வைப்பதற்காகவே தத்து எடுத்தார்கள். நாம் வளர்ப்பதற்காக எடுப்போம்.

அதுவும் வேண்டாம், இருவருமாகவே வாழ்ந்துகொள்கிறோம் என்றாலும் அது குறைவான வாழ்வல்ல. நாகம்மையாருக்குப் பிறந்த ஒரே பெண் குழந்தையும் ஐந்து மாதத்தில் இறந்துபோயிற்று. அதன் பிறகு அவருக்குப் பிள்ளையில்லை. அவர் 1921-இல் ஈரோட்டில் கள்ளுக்கடை மறியலில் நின்றார். 1924-இல் வைக்கத்துத் தெருவில் நின்றார். அவரை மலடி என்று சொல்ல எவனுக்காவது நாக்கு வருமா?

ஆகவே தாய்மார்களே, இனிமேல் கலியாணத்திலும் வளைகாப்பிலும் பிள்ளையில்லாத பெண்ணை முன்வரிசையில் உட்காரவையுங்கள். அவள் கையாலேயே வளையல் போடச் செய்யுங்கள். தோழர்களே, மனைவியைக் கோவிலுக்கு அழைத்துப் போவதற்கு முன், நீங்கள் ஆஸ்பத்திரிக்குப் போங்கள். மலடி என்ற அந்த ஒரு சொல் இந்த மலையிலிருந்து இறங்கிப் போய்விட்டால், அதுவே இன்றையக் கூட்டத்தின் பயன் என்று சொல்லி முடித்துக்கொள்கிறோம்.