சிறுவயற் காடும் பார்செலோனாத் தெருவும்

(காரைக்குடியில் ஆற்றப்பெற்ற பொழிவின் எழுத்து வடிவம்)

 

காரைக்குடிக்கு அணித்தே அரண்மனை சிறுவயல் என்னும் சிற்றூர் உள்ளது. பேருந்தில் அவ்வழிச் செல்வோர் பலர்க்கு அஃது ஒரு நிறுத்தம், அவ்வளவே. 1801-ஆம் ஆண்டு சூலைத் திங்கள் இறுதியில், கர்னல் அக்னியூவின் தலைமையில் ஆங்கிலக் கும்பெனிப் படை அவ்வூரை நெருங்கிய பொழுது, ஊர் எரிந்துகொண்டிருந்தது. எரியூட்டியவர் பகைவர் அல்லர். மருதிருவரின் மக்களே தம் வீடுகளுக்குத் தீயிட்டுவிட்டுக் காட்டிற்குள் புகுந்தனர். பகைவன் தங்குதற்கு ஒரு கூரையும் எஞ்சலாகாது என்பது அவர்தம் துணிவு.

தம் கூரைக்குத் தாமே தீயிடத் துணிந்த அம்மக்கள், அடுத்த மூன்று திங்களுக்குள் தோற்றது யாங்ஙனம்? மறம் குறைந்தா? மானம் குறைந்தா? இவ்வினாவிற்கு விடை காணாமல் ஆண்டுதோறும் மாலை சூட்டுவதால் மட்டும் மருதிருவரைப் போற்றியதாகாது.

முதற்கண் நிகழ்ந்தவற்றைக் காண்போம். 1772-இல் காளையார்கோயிலில் முத்து வடுகநாதர் கும்பெனிப் படையால் கொல்லப்பட்டார். அவர் மனைவியார் வேலு நாச்சியார், மருதிருவர் துணையுடன் திண்டுக்கல் பக்கத்து விருப்பாட்சியில் அடைக்கலம் புகுந்து, எட்டாண்டுகள் காத்திருந்து, ஐதர் அலியின் உதவியோடு 1780-இல் சிவகங்கையை மீட்டார். அதன்பின் அரச மரபினர் பெயரால் ஆட்சியை நடத்தியவர்கள் மருதிருவரே. 1801 மேத் திங்களில் பாஞ்சாலங்குறிச்சி வீழ்ந்ததும் ஊமைத்துரை அடைக்கலம் தேடி வந்தது இச்சிறுவயலுக்குத்தான். அவரை ஒப்படைக்க மருதிருவர் மறுத்தனர், போர் மூண்டது.

1801 சூன் 16-ஆம் நாள் சின்ன மருதுவின் அறிக்கை திருச்சிராப்பள்ளிக் கோட்டையிலும் திருவரங்கக் கோயில் மதிலிலும் ஒட்டப்பட்டது. 'சம்புத்தீவு அறிக்கை' என்று வழங்கும் அது, ஒரு பாளையத்தார்க்கோ ஒரு குலத்தார்க்கோ விடுத்த ஓலையன்று. எல்லாக் குலத்தாரையும் சமயத்தாரையும் விளித்தது. கும்பெனிப் படையில் கூலிக்குத் துமுக்கி தூக்கிய நாட்டுப் படைஞரையும் விளித்தது. வெள்ளையனுக்கு இந்நாட்டை வென்று தந்தவர்களுள் பெரும்பாலோர் இந்நாட்டவரே என்பதைச் சின்ன மருது தெளிவாக உணர்ந்திருந்தார்.

காடும் போர் செய்தது. சிறுவயலிலிருந்து காளையார்கோயிலுக்குக் காட்டை வெட்டி வழி சமைக்க அக்னியூ ஒரு திங்கள் முழுதும் முயன்றான். மரம் வெட்டுவோர் மீதும் அவர்க்குக் காவல் நின்றோர் மீதும் புதர்தோறும் இருந்து தாக்குதல் வந்தது. செபுதம்பர்த் தொடக்கத்தில் அவ்வழியையே கைவிட்டுக் கும்பெனிப் படை பின்வாங்கிற்று. அப்படையில் பணியாற்றிய சேம்சு வெல்சு என்னும் அதிகாரி, தமக்கு ஈட்டி எறியவும் வளரி வீசவும் கற்றுத் தந்தவர் சின்ன மருதுவே என்று, 1830-இல் வெளிவந்த தம் நினைவு நூலில் நன்றியோடு எழுதியுள்ளார். பகைவனும் மதித்த மறம் அது!

வாளால் பிளக்க முடியாத அந்த ஒற்றுமையைக் கும்பெனி ஒரு தலைப்பாகையால் பிளந்தது. மருதிருவர் அரச மரபினர் அல்லர் என்பதை அது பறைசாற்றியது. படமாத்தூர்க் கௌரி வல்லபரைத் தேடிப் பிடித்து, உரிமையுள்ள அரசர் இவரே எனச் செபுதம்பர் 12-ஆம் நாள் சோழபுரத்தில் முடிசூட்டியது. 'மரபரசர் வந்துவிட்டார், இனி ஏன் போர்?' என்று மக்களுள் ஒரு சாரார் ஒதுங்கினர். புதுக்கோட்டைத் தொண்டைமானும் எட்டயபுரத்தாரும் முன்னரே கும்பெனியின் பக்கம் நின்றனர். அக்தோபர் முதல் நாள் காளையார்கோயில் வீழ்ந்தது. அக்தோபர் 24-இல் மருதிருவர் திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்டனர். சின்ன மருதுவின் இளமகன் துரைசாமி உள்ளிட்ட எழுபதுக்கும் மேற்பட்டோர் 1802-இல் பினாங்குத் தீவிற்கு நாடு கடத்தப்பட்டனர். கௌரி வல்லபர்க்கு 1803-இல் சமீன் உரிமை எழுதித் தரப்பட்டது. அரசர் என்று அழைத்து வந்தவரை வரி தண்டித் தருபவராக்கிற்றுக் கும்பெனி.

இங்கு ஓர் உண்மையைக் கசந்தாலும் விழுங்குதல் வேண்டும். சம்புத்தீவு அறிக்கை மக்கள் அனைவரையும் போருக்கு அழைத்தது. ஆனால் வெற்றிக்குப்பின் நாட்டை மக்களிடம் தருவதாகச் சொல்லவில்லை. பழைய அரசுகளைப் பழைய மரபினர்க்கே மீட்டுத் தருவதாகவே சொன்னது. அக்காலத்தில் அதற்குமேல் எண்ணியிருத்தல் அரிது. எனினும், உரிமையின் வேர் மரபே என்று ஒப்புக்கொண்டவிடத்து, வேறொரு மரபினரைக் கொண்டுவந்து நிறுத்துவது பகைவனுக்கு எளிதாயிற்று.

அவ்வாறாயின், அரசரும் மரபும் இல்லாமலே மக்கள் போர் செய்ய முடியுமா? இவ்வினாவிற்கு 135 ஆண்டுகள் கழித்து எசுப்பானியத்தில் ஓர் இயக்கம் விடை தர முயன்றது.

அரசே வேண்டா, ஆள்வோரும் ஆளப்படுவோரும் என்னும் பிரிவே வேண்டா, உழைப்போர் தாமே கூடித் தம் வாழ்வை நடத்திக்கொள்வர் என்பது அரசிலாக் கொள்கை. அக்கொள்கையினர் 1910-இல் பார்செலோனாவில் அமைத்த சி.என்.தி. என்னும் தொழிலாளர் கூட்டிணைவு, பல நூறாயிரம் உழைப்பாளரைத் தன்பால் ஈர்த்தது. 1936 சூலையில் பிராங்கோ முதலிய படைத்தலைவர்கள் குடியரசை எதிர்த்துக் கிளர்ந்தனர். அரசு தயங்கி நின்றது. பார்செலோனாத் தொழிலாளரோ சூலை 19-இல் தெருவில் இறங்கி, தம்மோடு நின்ற காவற்படையினரையும் துணைக்கொண்டு, இரண்டே நாளில் நகரைக் காத்தனர்.

வென்றவர்கள் வீடு திரும்பவில்லை. தெரு வண்டிகளையும் ஆலைகளையும் தொழிலாளர் தாமே நடத்தினர். அரகான் பகுதியில் உழவர் தம் நிலங்களை ஒன்றாக்கிக் கூட்டாகப் பயிரிட்டனர். சில ஊர்களில் பணத்தையே ஒழித்தனர். துர்ருத்தி என்னும் இரும்புத் தொழிலாளி ஒரு படைக்குத் தலைவரானார். அவருக்குப் பட்டமுமில்லை, பாளையமுமில்லை. மாதிரித்துப் போர்முனையில் குண்டடிபட்ட அவர் 1936 நவம்பர் 20-இல் மாண்டார். பார்செலோனாவே திரண்டு அவரைப் புதைத்தது.

ஆயினும் அவ்வியக்கமும் தோற்றது. அதற்கும் கரணியங்கள் உண்டு. 'முதலில் போரை வெல்வோம். புரட்சியைப் பிறகு பார்ப்போம்' என்றனர் குடியரசுக் கட்சியினரும் பொதுவுடைமைக் கட்சியினரும். 'இரண்டும் ஒன்றே; நிலம் தனதாகாதவன் எதற்காகச் சாவான்?' என்பது அரசிலாக் கொள்கையினரின் மறுமொழி. மறுமொழி சரியே, செயல்தான் வழுவியது. அரசே வேண்டா என்றவர்களுள் நால்வர் 1936 நவம்பரில் அமைச்சராயினர். 1937 மேத் திங்களில் பார்செலோனாத் தொலைபேசி நிலையத்தை முன்னிட்டு, பிராங்கோவை எதிர்த்தோர் தமக்குள்ளேயே சுட்டுக்கொண்டனர். அவ்வாண்டு ஆகத்தில் அரகான் உழவரின் பேரவையைக் குடியரசின் படையே கலைத்தது. தம் நிலம் பறிபோனபின் போர்முனையில் நின்றவன் கை தளர்ந்தது. குருமார் பல்லாயிரவர் கொலையுண்ட கொடுமையில் அரசிலாக் கொள்கையினர்க்கும் பங்குண்டு. அக்கறை புரட்சியின் பகைவர்க்கே பயன்பட்டது.

இவற்றினும் பெரிய பிழை ஒன்றுண்டு. பிராங்கோவின் படையில் பல்லாயிரம் மொரோக்கோ நாட்டவர் இருந்தனர். மொரோக்கோவின் ஒரு பகுதி அன்று எசுப்பானியத்தின் அடிமை நிலம். 'உங்கள் நாட்டிற்கு விடுதலை' என்று ஒரு சொல் சொல்லக் குடியரசு அரசு முன்வரவில்லை. பிறர்க்கு விடுதலை மறுத்தவர்கள் தம் விடுதலையை இழந்தனர். கூலிப் படைஞனையும் தன் மக்களாக விளித்த சின்ன மருது இவ்வொன்றில் அவர்களினும் உயர்ந்து நிற்கிறார்.

1939 சனவரி 26-இல் பார்செலோனா வீழ்ந்தது. வென்ற பிராங்கோ முதலில் கை வைத்தவற்றுள் ஒன்று கத்தலான் மக்களின் தாய்மொழி. பள்ளியினின்றும் அலுவலகத்தினின்றும் அம்மொழி துரத்தப்பட்டது. வல்லாட்சியர் எல்லார்க்கும் மொழியின் ஆற்றல் தெரியும். மொழிக்குரியவர்க்கே சிலவேளை தெரிவதில்லை. ஆயின் அம்மக்கள் வீட்டில் பேசினர், மறைவில் கற்பித்தனர். 1975-இல் பிராங்கோ மறைந்தான். 1979-இன் தன்னாட்சிச் சட்டத்தால் அம்மொழி மீண்டும் ஆட்சியேறியது.

பெருமக்களே! சிறுவயல் ஒரு தலைப்பாகையால் தோற்றது. பார்செலோனா 'பிறகு பார்ப்போம்' என்னும் ஒரு சொல்லால் தோற்றது. இவ்விரண்டு நோயும் தமிழினத்தை விட்டு நீங்கிவிட்டனவா? எந்தக் குலத்தான் தலைவன் என்று கேட்கும் வரையில், பகைவனுக்கு ஒரு கௌரி வல்லபர் கிடைத்துக்கொண்டே இருப்பார். மருதிருவரையே ஒரு குலத்தின் சொத்தாக்கித் தேரிழுப்போர் அக்னியூவின் பணியை ஊதியமின்றிச் செய்கின்றனர். 'முதலில் ஆட்சி; குல ஒழிப்பும் உழவர் உரிமையும் தமிழ்வழிக் கல்வியும் பிறகு' என்போர் பார்செலோனாவின் பிழையை மீண்டும் செய்கின்றனர். சேரியில் வாழ்பவனுக்கு ஊர்க் கிணறு இன்று திறக்கவில்லையெனில், நாளைய விடுதலை யாருக்காக?

விடுதலைக்குப் பிறகு எவ்வாறு வாழ விரும்புகிறோமோ, அவ்வாறே விடுதலை இயக்கமும் இன்றே வாழ்தல் வேண்டும். இயக்கத்துள் குலம் பார்ப்பவன் நாட்டிலும் பார்ப்பான். வீட்டில் தமிழைத் தள்ளியவன் கோட்டையில் ஏற்றமாட்டான்.

இன்று வீடு திரும்புவோர், வாய்ப்பிருப்பின், சிறுவயல் வழியே செல்லுங்கள். பிள்ளைகளையும் உடன் அழைத்துச் செல்லுங்கள். அங்கே ஒரு நாள் மக்கள் தம் வீட்டிற்குத் தாமே தீயிட்டனர் என்று சொல்லுங்கள். அத்தீயை அணைத்தது பகைவனின் பீரங்கியன்று, நம்மிடையே இருந்த பிளவே என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள்.

வெல்க தமிழ்! வாழ்க தமிழினம்!