1549: கோர்ன்வால் மக்களின் மகஜர்



ஆங்கில நாட்டுச் சரித்திரம் என்றதும் அரசர்களின் பெயர்களும் போர்களின் ஆண்டுகளுமே நம் நினைவுக்கு வருகின்றன. பள்ளியில் நாம் கற்றது அவ்வளவே. இன்று நாம் எடுத்துக்கொண்ட பொருள் ஒரு மகஜர். அதனை வரைந்தோர் இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையிலுள்ள டெவன், கோர்ன்வால் ஆகிய பகுதிகளின் மக்கள்.

அரசன் ஆறாம் எட்வேட் அப்போது பதினொரு வயதுப் பாலகன். ஆட்சியை நடத்தியவர் அவன் மாமன் சொமர்செற் கோமகன். 1549 இல் பாராளுமன்றம் ஒரு சட்டம் இயற்றியது. அதன்படி நாடெங்கும் பழைய இலத்தீன் பூசை ஒழிந்து, ஆங்கிலச் செபப் புத்தகம் ஒன்றே வழங்குதல் வேண்டும். மறுக்கும் குருவானவருக்கு முதற்குற்றத்துக்கு ஆறு மாதச் சிறையும் ஓராண்டு வருமான இழப்பும். மூன்றாம் குற்றத்துக்கு ஆயுட்சிறை.

யூன் 9 ஆம் நாள், பெந்தகோஸ்தே ஞாயிறன்று, புதிய புத்தகம் நடைமுறைக்கு வந்தது. மறுநாள் டெவனிலுள்ள சாம்போட் கோட்னி என்னும் சிற்றூரில் மக்கள் தங்கள் குருவானவரைச் சூழ்ந்துகொண்டு, பழைய உடுப்பை அணிந்து பழைய பூசையையே செய்யுமாறு அவரை நிர்ப்பந்தித்தனர். சமாதான நீதவான்கள் வந்து பேசியும் பயன் விளையவில்லை. கோர்ன்வால் மக்களோ பொட்மினில் திரண்டனர். அவர்களுக்குத் தலைமை தாங்கியவர் ஹம்பிரி அருண்டெல். இரு கூட்டமும் இணைந்து யூலை 2 முதல் ஐந்து வாரம் எக்சிற்றர் நகரை முற்றுகையிட்டன.

இது சமயக் கலகம் மட்டுமோ எனின், அன்று. ஆடுகள்மீதும் துணிமீதும் அவ்வாண்டு புதுவரி விதிக்கப்பட்டிருந்தது. பத்து ஆடு வைத்திருப்பவனுக்கு அதன் பொருள் என்ன என்பதை இங்குள்ள கமக்காரருக்கு நாம் விளக்க வேண்டியதில்லை. மடங்களின் நிலங்களை வாங்கிக் கொழுத்த பிரபுக்கள்மீதும் வெறுப்பிருந்தது. அந்நிலங்களில் பாதியைத் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்பதும், பிரபுக்கள் தத்தம் நில வருமானத்துக்கு ஏற்ற அளவிலேயே ஏவலாளரை வைத்திருக்கவேண்டும் என்பதும் மகஜரில் உள்ளன.

நாம் எதையும் மறைக்க விரும்பவில்லை. அம்மகஜரில் கொடிய கோரிக்கையும் உண்டு. தேவநற்கருணையை வணங்க மறுப்போர் மரிக்கவேண்டும் என்கிறது ஒரு பிரிவு. அதை நாம் ஏற்கமாட்டோம். முறைப்பாடு உடையவன் எழுதுவதெல்லாம் நீதி என்று கொள்ளலாகாது. ஆயின் அவன் எழுதிய அநீதியைக் காட்டி அவனுடைய உண்மையான முறைப்பாட்டைத் தள்ளிவிடுதலும் நியாயமன்று.

அந்த முறைப்பாடு யாது? கோர்ன்வால் மக்களாகிய தங்களில் சிலருக்கு ஆங்கிலமே விளங்காது. ஆகவே புதிய ஆங்கில வழிபாட்டைத் தாங்கள் முற்றாக மறுக்கிறார்கள் என்று அவர்கள் எழுதினர். கோர்ன்வாலின் மேற்குப் பகுதியில் அந்நாளில் கோர்னிய மொழி வழங்கிற்று. அது ஆங்கிலத்தின் திரிபன்று. வேல்ஸ் மொழிக்கும் பிரெத்தன் மொழிக்கும் உறவானது. சமய நாடகங்களை உடையது.

இதற்கு மறுமொழி எழுதியவர், செபப் புத்தகத்தை ஆக்குவதில் முன்னின்ற அதிமேற்றிராணியார் கிரான்மர். உங்களில் இலத்தீன் அறிந்தவர் அதிகமோ, ஆங்கிலம் அறிந்தவர் அதிகமோ என்று அவர் கேட்டார். கூரிய கேள்விதான். விளங்காத மொழி வேண்டாம் என்போர் அதனினும் விளங்காத இலத்தீனைக் கேட்கலாமோ! சாட்சிக்காரனை மடக்கிவிட்டு மகிழும் வழக்கறிஞரை நாம் நீதிமன்றில் எத்தனையோ முறை கண்டிருக்கிறோம்; அதனால் காணிப்பிணக்குத் தீர்ந்ததாக நாம் கண்டதில்லை. இலத்தீன் எவர் வீட்டு மொழியுமன்று. அதன்முன் கோர்னியனும் ஆங்கிலேயனும் ஒன்றாய் நின்றனர். ஆங்கிலம் வந்தபோது ஒருவன் வீட்டுமொழி ஆலயமேறிற்று. மற்றவனது வெளியே நின்றது. கிரான்மர் இதை நோக்கவில்லை.

சட்டம் பயின்ற நம்மை வியக்கவைப்பது வேறொன்று. அதே 1549 ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒரு விலக்குப் பிரிவு உண்டு. ஒக்ஸ்போட், கேம்பிரிட்ஜ் சர்வகலாசாலைகளின் சிற்றாலயங்களில், நற்கருணை வழிபாடு நீங்கலாக, இலத்தீனிலோ கிரேக்கத்திலோ எபிரேயத்திலோ பொதுச் செபம் நடத்தலாம். கற்றோர்க்குச் சலுகை வழங்கத் தெரிந்த சட்டத்துக்குக் கோர்னிய மொழியின் பெயரே தெரியவில்லை.

முடிவு விரைவில் வந்தது. றசல் பிரபு செர்மானிய, இத்தாலியக் கூலிப்படைகளுடன் ஓகத்து மாதத்தில் மக்களை முறியடித்தார். நகருக்குள் இருந்து எழுதிவைத்த ஹூக்கர் என்பார், மாண்டோர் ஏறத்தாழ 4,000 பேர் என்கிறார். அவர் கலகக்காரரின் கட்சியினரல்லர். எக்சிற்றருக்கு அருகே குருவாக இருந்த றொபேட் வெல்ஷ் என்பவரைப் பற்றியும் அவர் கூறுகிறார். நகரை எரித்துவிடக் கலகக்காரர் முனைந்தபோது அதைத் தடுத்தவர் அவரே. அவரைப் பூசை உடையுடனேயே அவருடைய ஆலயக் கோபுரத்தில் தூக்கிலிட்டனர். பொட்மின் நகர முதல்வரின் வீட்டில் அரச அதிகாரி விருந்துண்டு, விருந்து முடிந்ததும் அவரையே தூக்கிலிட்டார் எனப் பழைய ஏடுகள் கூறும். வழக்கில்லை, விளக்கமில்லை. அருண்டெல் இலண்டனுக்குக் கொண்டுசெல்லப்பட்டு, 1550 சனவரியில் கொல்லப்பட்டார்.

அரசினால் வேறு செய்ய இயலாதிருந்ததோ? பதினான்கு ஆண்டு கழித்து, 1563 இல், எலிசபெத் அரசியின் பாராளுமன்றம் விவிலியத்தையும் செபப் புத்தகத்தையும் வேல்ஸ் மொழியில் பெயர்க்குமாறு மேற்றிராணிமார் ஐவருக்குக் கட்டளையிட்டது. ஒப்புநோக்கி மக்கள் ஆங்கிலமும் கற்கட்டும் என்று, ஆங்கிலப் பிரதியையும் அருகே வைக்கும்படி அச்சட்டமே சொல்லிற்று. செபப் புத்தகமும் புதிய ஏற்பாடும் 1567 இலும், முழு விவிலியம் 1588 இலும் வெளிவந்தன. வேல்ஸ் மொழி இன்றும் வீட்டிலும் பள்ளியிலும் பேசப்படுகிறது.

கோர்னிய மொழிக்கு அத்தகைய கட்டளை எதுவும் பிறக்கவில்லை. அதனைத் தாய்மொழியாகப் பேசிய கடைசி மனிதர்களுள் ஒருவரென அறியப்படும் டொலி பென்றீத் என்னும் மூதாட்டி 1777 இல் இறந்தார். அவருக்கு 1860 இல் போல் என்னும் ஊர் ஆலய வளாகச் சுவரில் நினைவுக்கல் நாட்டினர். தாய்தந்தையரைக் கனம்பண்ணுக என்னும் வேதக் கற்பனை அதில் ஆங்கிலத்திலும், அதன்கீழ் கோர்னிய மொழியிலும் பொறிக்கப்பட்டுள்ளது.